கயிற்றுக்கு இப்புறம் நின்றவர்கள்

(உரும்பிராயில் வாசிகசாலைக் கூட்டமொன்றில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இரண்டாம் உலகப் போருக்கு முந்திய மோட்டார்ப் பந்தயங்களைப் பற்றிப் பேசப்போகிறேன் என்று அறிந்ததும், இதற்கும் உரும்பிராய்க்கும் என்ன தொடுசல் என்று சிலர் கேட்டிருப்பீர்கள். வெங்காயமும் புகையிலையும் வாழையும் விளைகிற செம்மண் ஊர் இது. ஆனால் ஊரின் நடுவே பலாலி வீதி நேராக ஓடுகிறது. நேரான வீதி கண்ட இடத்தில் வேகமாக ஓட ஒருவனுக்கு ஆசை வரும். அதைப் பார்க்க நூறு பேருக்கு ஆசை வரும். நான் பேச வந்தது அந்த நூறு பேரைப் பற்றித்தான்.

பந்தயம் பார்க்கும் ஆசையை யாழ்ப்பாணத்தாருக்கு நான் விளக்க வேண்டியதில்லை. மாட்டுவண்டிச் சவாரி என்றால் திடலின் இரண்டு பக்கமும் சனம் நிற்கும். எந்தச் சோடி முந்துகிறது என்று பார்க்கக் கழுத்தை நீட்டி, பிறகு காலையும் ஓரடி முன்னுக்கு வைத்து, கடைசியில் ஓடுபாதைக்குள்ளேயே வந்து நிற்பவர்களைப் பார்த்திருக்கிறீர்கள். வண்டி கிட்ட வரும்போது விலகிவிடலாம் என்பது அவர்கள் கணக்கு. மாட்டுக்கு அந்தக் கணக்குப் பெரும்பாலும் சரிவரும். அதே கணக்கோடு மோட்டார்க் காரின் முன்னால் நின்றவர்களுக்கு என்ன நடந்தது என்பதே அந்தக் காலத்துப் பந்தயத்தின் உண்மையான வரலாறு.

1903ஆம் ஆண்டு மே 24ஆம் தேதி. பாரிஸுக்குப் பக்கத்திலுள்ள வெர்சாய் நகரிலிருந்து ஸ்பெயினின் தலைநகர் மட்ரிட் வரைக்கும் ஒரு பந்தயம். விடியுமுன்பே புறப்பாடு. இருநூறுக்கு மேற்பட்ட வண்டிகள் ஒன்றன்பின் ஒன்றாக விடப்பட்டன. முதல் நாள் எல்லை போர்தோ நகரம், 552 கிலோமீற்றர். இதற்கென்று தனிப் பாதை கிடையாது. மாட்டுவண்டியும் குதிரைவண்டியும் போகிற சாதாரண நெடுஞ்சாலை. தார் காணாத வீதி. வழி நெடுகச் சனம் இலட்சக்கணக்கில் திரண்டு நின்றது. நுழைவுச்சீட்டு இல்லை, வேலி இல்லை, பல இடங்களில் ஒரு கயிறுகூட இல்லை.

கார் வரும்வரை சனம் வீதியின் நடுவிலே நிற்கும். கார் கிட்ட வந்ததும் இரண்டு பக்கமும் பிரியும். போனதும் மறுபடி கூடி, போன காரை எட்டிப் பார்க்கும்; அடுத்த கார் அதற்குள் வந்துவிடும். முன்னால் போனவன் கிளப்பிய புழுதியில் பின்னால் வந்தவனுக்கு வீதியே தெரியாது. புழுதிக்கு மேலே தெரிந்த மர உச்சிகளைப் பார்த்துத்தான் எங்கே வளைவு வருகிறது என்று ஓட்டிகள் ஊகித்தார்கள்.

அன்று மிகக் குறைந்த நேரத்தில் ஓடியவர் பெர்னாண்ட் கப்ரியல். மோர்ஸ் என்ற காரில் அவர் எடுத்த சராசரி வேகம் மணிக்கு 105 கிலோமீற்றர் அளவு. அதைச் செக்கனுக்குப் பிரித்துப் பாருங்கள்: ஒரு செக்கனில் 29 மீற்றர். "கார் வருகுது" என்று ஒருவர் சொல்லி முடிப்பதற்குள் அது நம்மைத் தாண்டியிருக்கும். முன் சில்லுகளுக்குப் பிறேக் வராத காலம் அது. பின் சில்லுகளை மட்டும் பிடித்துத்தான் அந்த வேகத்தை அடக்க வேண்டும். குதிரைவண்டியின் வேகத்தைப் பார்த்துப் பழகிய கண்ணால், வருகிற கார் எத்தனை நேரத்தில் வந்து சேரும் என்று மதிப்பிட முடியவில்லை. சனத்துக்குப் புத்தி குறைவில்லை. அந்த வேகம் அவர்கள் கண்ணுக்குப் புதிது.

லொறெய்ன் பரோ என்பவரின் கார் வீதியில் குறுக்கிட்ட நாயால் நிலை தடுமாறி மரத்தில் மோதியது. பக்கத்தில் இருந்த மெக்கானிக் அவ்விடத்திலேயே இறந்தார். இன்னோர் இடத்தில் வீதிக்குள் வந்த குழந்தையைக் காக்க ஓடிய படைவீரர் ஒருவர் உயிரிழந்தார். ரெனோ கம்பனியின் சகோதரர்களில் ஒருவரான மார்செல் ரெனோ படுகாயமடைந்து இரண்டு நாளில் இறந்தார். தம்பி லூயி ரெனோ முன்னணியில் போர்தோவுக்கு வந்து சேர்ந்த பிறகுதான் அண்ணனின் செய்தியைக் கேட்டார். அன்று குறைந்தது எட்டு உயிர்கள் போயின. பிரெஞ்சு அரசு பந்தயத்தைப் போர்தோவிலேயே நிறுத்தியது. கார்களின் எஞ்சினை முடுக்கவும் அனுமதி இல்லை. குதிரைகளைக் கட்டி அவற்றை ரயில் நிலையத்துக்கு இழுத்துப் போனார்கள்.

அத்தோடு உலகம் பாடம் படித்திருக்கும் என்று நினைப்போம். நகரத்திலிருந்து நகரத்துக்கு ஓடும் பந்தயம் பிரான்சில் நின்றது உண்மை. இங்கிலாந்தில் 1907இல் புறூக்லாண்ட்ஸ் என்ற இடத்தில் கொங்கிறீற்றால் ஆன பந்தயப் பாதை கட்டினார்கள். மோட்டார்ப் பந்தயத்துக்கென்றே கட்டப்பட்ட உலகின் முதற்பாதை அது. தொடக்கத்தில் குதிரைப் பந்தயத்தின் வழமைகளையே அங்கே பின்பற்றினார்கள். காருக்கு இலக்கம் போடாமல், குதிரை ஓட்டும் ஜொக்கியைப் போல ஓட்டிக்கு நிறச் சட்டை கொடுத்தார்கள். பந்தயப் பணமும் கட்டினார்கள். காரை இன்னும் குதிரையாகவே பார்த்தார்கள் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். இத்தாலியில் 1922இல் மொன்சா, ஜேர்மனியில் 1927இல் நூர்புர்க்றிங் என்று பெரிய பாதைகள் எழுந்தன. பாதை மூடிய பாதையாயிற்று. பார்வையாளரோ முன்போல ஓரத்திலேயே நின்றார்.

மொன்சாவில் 1928 செப்டெம்பர் 9 அன்று இத்தாலிய கிறான் பிறீ பந்தயம். எமிலியோ மத்தெராசி என்பவரின் தல்போ கார் நேர்ப்பாதையில் முந்தப் போய்க் கட்டுப்பாடு இழந்து சனத்துக்குள் பாய்ந்தது. அவரோடு இருபதுக்கு மேற்பட்ட பார்வையாளர்கள் இறந்தார்கள். பந்தயம் நிற்கவில்லை. அது ஓடி முடிந்தது, வென்றவருக்குப் பரிசும் கொடுத்தார்கள்.

அதே மொன்சாவில் 1933 செப்டெம்பர் 10. சுற்றுப் போட்டி ஒன்றில் வளைவில் எண்ணெய் சிந்திக் கிடந்தது. அடுத்த சுற்றுப் போட்டியில் ஜியுசெப்பே கம்பாரியும் பக்கோனின் போர்சாக்கினியும் அந்த இடத்திலே வழுக்கி இறந்தார்கள். கம்பாரி சாதாரண ஆள் இல்லை. நல்ல குரல் வளம் படைத்தவர், ஒப்பெரா மேடையில் பாடியவர், இத்தாலியர் தலையில் தூக்கி வைத்த வீரர். அவர் செத்த பிறகும் அன்றைய இறுதிப் போட்டியை நடத்தினார்கள். அதில் ஸ்ரனிஸ்லாஸ் சைக்கோவ்ஸ்கி என்ற மூன்றாமவர் எரிந்து இறந்தார். காலையில் மூன்று பேரும் உயிரோடு வந்தவர்கள். இரண்டு மரணத்துக்குப் பிறகு "போதும்" என்று சொல்ல அந்தப் பெருங்கூட்டத்தில் அதிகாரமுள்ள ஒருவரும் இருக்கவில்லை. மூன்றாவது மரணம் அதனால் வந்தது.

ஓட்டிகளுக்கு என்ன பாதுகாப்பு இருந்தது என்று கேட்பீர்கள். தலையில் துணித் தொப்பி, கண்ணில் கண்ணாடி, வாயில் சில வேளை ஒரு கைக்குட்டை. உறுதியான தலைக்கவசம் போர்முலா வண் பந்தயத்தில் கட்டாயமானது 1952இல். ஆசனப்பட்டி கட்டாயமானது 1972இல். கார் கவிழ்ந்தால் வெளியே தூக்கி எறியப்படுவதே நல்லது, உள்ளே அகப்பட்டால் எரிந்துபோவோம் என்று ஓட்டிகள் நம்பினார்கள். எரிபொருளோ அற்ககோல் கலந்தது. தீப்பிடித்தால் அணைப்பது கடினம்.

ஓட்டிக்குப் பக்கத்தில் இன்னொருவர் இருந்தார் என்பதையும் மறக்கக்கூடாது. 1920களின் நடுப்பகுதி வரை பெரும் பந்தயக் கார்களில் மெக்கானிக்கும் ஏறிப் போவார். எண்ணெய்ப் பம்பியை அடிப்பது, ரயரைப் பார்ப்பது, பின்னால் யார் வருகிறார் என்று சொல்வது அவர் வேலை. ஸ்ரியறிங் அவர் கையில் இல்லை. வெற்றியின் பெயரும் அவருக்கு இல்லை. சாவில் மட்டும் சரிபாதி. 1924இல் ஸ்பெயினின் சான் செபஸ்தியானில் தோமஸ் பரற் என்ற மெக்கானிக் இறந்தார். அடுத்த ஆண்டிலிருந்து கிறான் பிறீ காரில் மெக்கானிக் ஏறுவது நிறுத்தப்பட்டது. இருக்கை மட்டும் சில காலம் வெறுமையாகக் கூடப் போய்வந்தது.

இனி 1930களுக்கு வருவோம். இங்கேதான் காட்சி உச்சத்துக்குப் போகிறது.

1934இல் ஒரு விதி வந்தது: எரிபொருளும் எண்ணெயும் ரயரும் ஓட்டியும் இல்லாமல் காரின் நிறை 750 கிலோவைத் தாண்டக் கூடாது. பாரம் குறைந்தால் எஞ்சின் சிறுக்கும், வேகம் அடங்கும் என்று விதி செய்தவர்கள் எண்ணினார்கள். நடந்தது நேர்மாறு. ஹிட்லர் ஆட்சி மெர்சிடிஸ் பென்ஸ், ஓட்டோ யூனியன் ஆகிய இரண்டு கம்பனிகளுக்கும் அரச பணம் கொடுத்தது. இலேசான உலோகத்தால் உடலைச் செய்து, மிச்சம் பிடித்த பாரத்தையெல்லாம் எஞ்சினில் கொட்டினார்கள். 1937இல் ஓடிய மெர்சிடிஸ் காரின் வலு 550 குதிரைவலுவுக்கு மேல். நம்முடைய பெரியவர்களுக்கு ஒஸ்ரின் சோமசெற் காரைத் தெரியும். கலியாண வீட்டுக்கும் ஆஸ்பத்திரிக்கும் வாடகைக்கு ஓடிய வண்டி. போருக்குப் பின் வந்த அந்தக் காரின் வலு நாற்பதைச் சற்றே தாண்டும். அதைவிடப் பாரம் குறைந்த வண்டியில் பன்னிரண்டு மடங்குக்கு மேற்பட்ட வலுவை ஏற்றி, ஒடுங்கிய ரயர்களில் மணிக்கு 300 கிலோமீற்றருக்கு ஓட்டினார்கள்.

அந்த வேகத்தைப் பார்க்க இலட்சக்கணக்கானோர் போனார்கள். 1935இல் நூர்புர்க்றிங்கில் தாசியோ நுவொலாரி என்ற இத்தாலியர் பழைய அல்பா றோமியோவை வைத்துக்கொண்டு இந்த ஜேர்மன் கார்களையெல்லாம் வென்றார். முன்னணியில் போன ஜேர்மன் காரின் ரயர் கடைசிச் சுற்றில் வெடித்ததும் அதற்கு உதவியது. சுமார் 23 கிலோமீற்றர் நீளமான மலைப்பாதையில், வலுவை வலுவால் எதிர்க்க முடியாத இடத்தில், கையும் கண்ணும் மூளையும் வென்ற நாள் அது. இந்தப் பந்தயங்களில் அழகே இல்லை என்று நான் சொன்னால் பொய் சொன்னவனாவேன். அழகு இருந்தது. அதனால்தான் சனம் போனது.

அந்த அழகை அரசு தன் கணக்கில் வரவு வைத்துக்கொண்டது என்பதுதான் பிரச்சினை. பேர்ண்ட் றோஸ்மயர் என்ற 28 வயது இளைஞர் ஓட்டோ யூனியனின் நட்சத்திரம். 1938 ஜனவரி 28ஆம் தேதி காலை, பிராங்க்பேர்ட் - டாம்ஸ்டாட் நெடுஞ்சாலையில் மெர்சிடிஸ் ஓட்டியான றுடொல்ப் கரச்சியோலா மணிக்கு 432.7 கிலோமீற்றர் வேகத்தை எட்டினார். அதை அன்றே முறியடிக்க றோஸ்மயர் புறப்பட்டார். காற்று எழும்பத் தொடங்கியிருந்தது. கார் பாதையை விட்டுத் தூக்கி எறியப்பட்டது, அவர் இறந்தார். வீட்டில் மூன்று மாதம் நிரம்பாத ஆண் குழந்தை. அவருடைய சவ அடக்கத்தை நாசி அரசு தன் விழாவாக நடத்தியது. ஒரு மனிதன் காற்றை மதிக்காத அவசரத்தில் இறந்தான் என்ற எளிய உண்மையை, வீரமரணம் என்ற பெரிய பேச்சு மூடிவிட்டது. அந்த அவசரம் யாருக்காக என்ற கேள்வியும் அதோடு மூடப்பட்டது.

ஆசியாவிலிருந்து யாரும் போகவில்லையா என்றால், சியாம் தேசத்து இளவரசர் பீரா போனார். 1936இல் மொனாக்கோவில் சிறு கார்களுக்கான பந்தயத்தில் வென்றார். தம்முடைய கார் ஒன்றுக்கு அனுமான் என்று பெயர் வைத்திருந்தார். வெள்ளைக்காரர் களத்தில் வாயுபுத்திரன் பெயரோடு ஒரு கார் ஓடியது என்பது கேட்க இனிமையானதுதான்.

இலங்கையில் 1934இல் நுவரெலியாவில், மகஸ்தோட்டையில், மலையேற்றப் போட்டி தொடங்கியது. தமிழ்த் தொழிலாளர் கொழுந்து பறித்த தேயிலை மலைகளுக்கு நடுவே, ஏப்ரல் பருவத்தில் நடக்கும் போட்டி. இதன் முறையைக் கவனியுங்கள்: ஒரு நேரத்தில் ஒரு வண்டி மட்டுமே ஏறும், எதிராளி கடிகாரம். ஏற்றத்தில் வேகம் இயல்பாகவே மட்டுப்படும். ஒருவரை ஒருவர் முட்டவும் இடமில்லை. ஐரோப்பாவின் பெரும் பந்தயங்களை நடத்தியவர்களும் இந்த முறையை அறிந்தவர்கள்தான். ஆனாலும் பல கார் ஒன்றாக ஓடுவதிலேதான் சனம் கூடும், பணம் சேரும் என்று அதை நோக்கிப் போனார்கள்.

இத்தாலியில் மில்லே மில்யா என்ற பந்தயம் பிரெசியா நகரிலிருந்து ரோமாபுரிக்குப் போய்த் திரும்பும், ஏறத்தாழ 1,600 கிலோமீற்றர். ஊர்களின் நடுத்தெருவால் ஓடும். 1938இல் பொலோஞ்ஞா நகரில் லன்சியா கார் ஒன்று கட்டுப்பாடு இழந்து சனத்துக்குள் போனது. பத்துப் பேர் இறந்தார்கள்; அவர்களில் ஏழு பேர் குழந்தைகள். முசோலினி அரசு அந்தப் பந்தயத்தைத் தடை செய்தது. போருக்குப் பின் அதே முறையில், அதே ஊர்த் தெருக்களில் அதை மீண்டும் தொடங்கினார்கள். 1957இல் குயிடிசோலோ என்ற ஊருக்கு அருகே ஒரு பெராரி காரின் ரயர் வெடித்து, வீதியோரம் நின்ற ஒன்பது பேர் இறந்தார்கள். அதிலும் ஐந்து பேர் குழந்தைகள். இரண்டு விபத்துக்கும் இடையே பத்தொன்பது ஆண்டு. நடத்தியவர்களுக்கு முதல் விபத்துத் தெரியாதென்று யாரும் சொல்ல முடியாது.

போருக்கு முந்திய காலத்தின் கடைசிப் பெரும் பந்தயம் பெல்கிறேட் நகரில் நடந்தது. தேதி 1939 செப்டெம்பர் 3. ஜேர்மனி மீது பிரித்தானியா போர் தொடுத்த அதே ஞாயிற்றுக்கிழமை. ஓடியவை ஐந்தே கார்கள், நுவொலாரி வென்றார். அதன் பிறகு எஞ்சின் செய்தவர்கள் போர்விமானத்துக்கு எஞ்சின் செய்யப் போனார்கள். அந்தப் போர்தான் நமக்குப் பலாலி விமானத் தளத்தையும் தந்தது. பிரித்தானிய விமானப்படை அதை அமைத்தது. போர் முடிந்ததும் உலகெங்கும் இப்படிப்பட்ட ஓடுபாதைகள் வெறுமையாகக் கிடந்தன. இங்கிலாந்தில் சில்வர்ஸ்ரோன், சென்னைக்கு வடக்கே சோழவரம், களுத்துறைக்குப் பக்கத்தில் கட்டுக்குருந்தை: மூன்றும் போர்க்கால விமானத் தளங்கள்; மூன்றிலும் பின்னர் கார்கள் ஓடின. பந்தயம் ஊர் வீதியை விட்டு வெளியே போக இப்படி ஒரு வழி கிடைத்தது.

அதற்குப் பிறகும் 1955இல் பிரான்சின் லெ மான் பந்தயத்தில் ஒரு கார் பார்வையாளர் மேடைப் பக்கம் சிதறி எண்பதுக்கு மேற்பட்டோர் இறந்தார்கள். அப்போதும் பந்தயம் ஓடி முடிந்தது. சுவிற்சர்லாந்து தன் நாட்டில் சுற்றுப்பாதைப் பந்தயத்தையே தடை செய்தது. இன்று புலம்பெயர்ந்து அங்கே வாழும் நம் பிள்ளைகளுக்குத் தெரியும், அந்த நாட்டில் சட்டம் வந்தால் அது சட்டம்தான். மற்ற நாடுகள் மெதுவாக வேலி போட்டன, மேடைகளைப் பின்னுக்குத் தள்ளின. ஒவ்வொரு வேலிக்கும் பின்னால் ஒரு மரணப் பட்டியல் இருக்கிறது.

இதெல்லாம் பழங்கதை என்று யாராவது நினைத்தால், 2024 ஏப்ரல் 21ஐ நினைத்துப் பாருங்கள். நம் நாட்டில், தியத்தலாவையில், பொக்ஸ் ஹில் பந்தயம். ஞாயிற்றுக்கிழமை, புத்தாண்டு விடுமுறைக் காலம், பெருங்கூட்டம். பாதையை விட்டு விலகிய கார் சனத்துக்குள் பாய்ந்து ஏழு பேர் இறந்தார்கள். அவர்களில் ஒருவர் எட்டு வயதுச் சிறுமி. இருபதுக்கு மேற்பட்டோர் காயப்பட்டார்கள். 1903இல் பிரான்சின் வீதியோரத்தில் நின்றவனுக்கு வேகம் புதிது, அவனை மன்னிக்கலாம். நூற்றியிருபது ஆண்டு கழித்து, காரோடும் மோட்டார் சைக்கிளோடும் பிறந்து வளர்ந்த நாம் எதைக் காரணம் சொல்வது?

இத்தனையையும் அடுக்கிப் பார்த்தால் ஒன்று தெளிவாகிறது. ஓட்டி தன் ஆபத்தை அறிந்து ஏறினான். அவனுக்குப் பரிசு உண்டு, பெயர் உண்டு, சிலை உண்டு. நுவொலாரியையும் றோஸ்மயரையும் இன்றும் உலகம் சொல்கிறது. வீதியோரம் நின்று செத்தவர்களை எண்ணிக்கையாக மட்டுமே சொல்கிறோம். பந்தயம் நடத்தியவர்கள் சனத்தைக் காசாகவும் கரகோஷமாகவும் எண்ணினார்கள்; காக்கப்பட வேண்டிய உயிர்களாக எண்ணியது மிகப் பிந்தித்தான்.

வாசலடியில் நிற்கும் தம்பிமாருக்கு ஒரு கணக்குச் சொல்கிறேன். வேகம் இரண்டு மடங்கானால், பிறேக் பிடித்த பிறகு வண்டி நிற்க வேண்டிய தூரம் நான்கு மடங்காகும். மணிக்கு 100 கிலோமீற்றரில் போகிறவன் பிறேக்கை நினைத்து அழுத்துவதற்குள் முப்பது மீற்றர் அளவு போயிருப்பான். கோயிலால் வருகிற ஆச்சியும் ரியூசன் முடிந்து சைக்கிளில் வருகிற பிள்ளையும் பந்தயத்துக்குப் பெயர் கொடுத்தவர்கள் இல்லை. இரவில் பலாலி வீதியில் மோட்டார் சைக்கிளில் முந்திப் பார்க்கிற பொடியன், அவர்களைக் கேட்காமலே அவர்களைப் பந்தயத்துக்குள் இழுக்கிறான். அதைக் கரையில் நின்று கைப்பேசியில் படம் பிடிக்கிறவனும் பங்காளிதான். பார்க்க ஆளில்லாவிட்டால் பாதிப் பேர் ஓடமாட்டார்கள்.

வேகத்தில் ஆசை இருந்தால் மூடிய பாதைக்குப் போங்கள், தலைக்கவசத்தோடு போங்கள், முறையாகப் பழகி ஓடுங்கள். வெற்றி பெற்று வந்தால் இந்த வாசிகசாலையிலேயே மாலை போடுவோம். பார்க்கப் போகிறவர்கள் பிள்ளைகளை வளைவின் வெளிப்பக்கத்தில் நிறுத்தாதீர்கள். கயிறு மட்டும் கட்டியிருக்கிற இடத்தில் நீங்களும் நிற்காதீர்கள். சவாரித் திடலானாலும் கார்ப் பந்தயமானாலும் நடத்துகிற பெரியவர்கள், சனத்துக்கு வேலியும் காயப்பட்டவரை ஏற்ற வண்டியும் ஆயத்தம் செய்யாமல் கொடியை அசைக்க வேண்டாம். ஒருவர் விழுந்தால், எத்தனை பேர் பணம் கட்டியிருந்தாலும், பந்தயத்தை அந்த இடத்திலேயே நிறுத்துங்கள். 1933இல் மொன்சாவில் அதைச் சொல்ல ஒருவர் இருந்திருந்தால் ஓர் உயிராவது மிஞ்சியிருக்கும்.